மறு உத்தரவு வரும்வரை

அமீனா வந்தபோது தக்கலையில் சாரல்.
செருப்பை வெளியே விட்டு
சட்டைக்குள்ளிருந்து எடுத்தார் நான்கு தாளை,
நனையாமல்.
"ஒரு ஒப்பு போடணும் பிள்ளே" என்றார்.
பேனாவும் அவரே தந்தார்.

பத்மநாபபுரம் சார்பு நீதிமன்றம்.
நாங்கள் இல்லாத ஒரு காலையில்
எங்களைப் பற்றிப் பேசி முடித்திருந்தார்கள்.
மேற்படி குளம் குறித்தோ மேற்படி நிறுவனம் குறித்தோ
எழுதவோ அச்சிடவோ விற்கவோ கூடாது,
மறு உத்தரவு வரும்வரை.

தொழில் பழக்கம்.
ஓகாரங்களை எண்ணினேன்.
ஐந்தும் சரியாக இருந்தன.

பிழை என்னுடையது.
தொடரின் இரண்டாம் பகுதி, ஐந்தாம் பத்தி:
சர்வே எண்ணில் இரண்டு இலக்கங்கள்
இடம் மாறி அச்சாகிவிட்டன.
241/3 என்று போட்டிருந்தோம்.
அன்றிரவு இரண்டு முறை மின்சாரம் போனது,
அதைச் சொல்லித் தப்பிக்கலாம்.
சொல்லவில்லை.

241/3 ஒரு ரப்பர் தோட்டம்.
அங்கே எந்தக் காலத்திலும் குளம் இல்லை.
இல்லாத குளத்தை யாரும் மூட முடியாது.
ஆகவே எழுதியதெல்லாம் அவதூறு
என்று முடிகிறது மனு.
படிக்க நன்றாகத்தான் இருந்தது.

"ஒனக்க எண்ணம் ரெண்டுதான் இடம் மாறிச்சு,
அவனுவ குளத்தையே மாத்தீட்டானுவ"
என்று சிரித்தார் ஆசிரியர் டென்னிசன்.
பிறகு வெகுநேரம் அச்சு இயந்திரத்தையே
துடைத்துக்கொண்டிருந்தார்.

சான்றிட்ட நகல் கைக்கு வர ஒன்பது நாள்.
நீதிமன்றக் கட்டணத்துக்கு
என் ஸ்கூட்டரின் தவணைப் பணம்.
வக்கீல் ரஹ்மத் பீவி
மேல்முறையீட்டின் முதல் பத்தியிலேயே
என் பிழையை வைத்தார்.
"நாமளே சொல்லிருவோம்.
தப்புக்குத் திருத்தம் போடலாம்,
நிரூபிச்சா நஷ்டஈடும் குடுக்கலாம்.
விசாரணைக்கு முன்னாலயே
வாயத் தைக்கப்பிடாது."

நாகர்கோவிலில்
முதல் வாய்தா நீதிபதி விடுப்பு.
இரண்டாவது, எதிர்த்தரப்பு வக்கீலின் மகளுக்குக் கல்யாணம்.
மூன்றாவதுக்குக் காரணம் சொல்லப்படவில்லை.
தட்டச்சுக் கடையில் ஒரு பிரதியில்
அந்தச் சொல்லை இடைவெளிவிட்டு
வாய் தா என்று அடித்திருந்தார்கள்.
சிவப்புப் பேனாவை எடுத்தவள்
மூடிவைத்துவிட்டேன்.

இதற்கிடையில் இதழ் வராமலில்லை.
பேச்சிப்பாறை எத்தனை அடி,
பெருஞ்சாணி எத்தனை அடி,
குளச்சலில் சாளை விலை,
எல்லாம் போட்டோம்.
மாவட்டத்தின் அத்தனை தண்ணீரையும் எழுதலாம்,
ஒன்றைத் தவிர.
அதன் பக்கமாகத்தான் நான் வீட்டுக்குப் போவது.
செம்மண் லாரிகளுக்குத் தடை இல்லை.
போன வாரம் படித்துறையில் நான்கு படி தெரிந்தது.
இந்த வாரம் ஒன்று.

நான்காம் வாய்தாவில் கேட்டார்கள்.
நீதிபதி கண்ணாடியைக் கழற்றி,
"எண்ணைத் திருத்தி வெளியிட்டிருக்கலாமே?"

ரஹ்மத் பீவி தணிந்த குரலில் சொன்னார்:
"அந்தத் திருத்தத்தையும் சேர்த்துத்தான் ஐயா
தடை போட்டிருக்காங்க."

யாரோ இருமினார்கள். மின்விசிறி சுற்றியது.
உத்தரவுக்காக ஒத்திவைக்கப்பட்டது,
தேதி பின்னர்.

நான்கு வரித் திருத்தம்
என் கணினியில் தயாராக இருக்கிறது.
வருந்துகிறோம் என்பதுவரை இருக்கிறது.
அதை வெளியிட்டால் அவமதிப்பு.
வெளியிடாவிட்டால்
நாங்கள் கடைசியாகச் சொன்ன சொல்லாக
என் பிழையே நிற்கும்.

கவிதைக்கும் விலக்கில்லை என்கிறார் வக்கீல்.
சரியான எண்ணை இங்கேயும் எழுத முடியாது.
தவறானதை எழுதலாம்.
241/3.
வாசகர்கள் திருத்திப் படித்துக்கொள்ளவும்.